ஆச்சியும் அப்பத்தாவும்

ரொம்ப நாளாச்சு இந்தப் பக்கம் வந்து. ஆணி கொஞ்சம் ஜாஸ்தி மக்களே. போன வாரம் வருடாந்திர அப்ரைசல் முடிஞ்சுது. எங்க டேமேஜர் (மேனேஜர்தான், பழக்க தோஷம்) ஏசி ரூம்ல உட்கார வெச்சு, காபியும் வாங்கிக் குடுத்து, ரொம்ப அன்பா ஒரு விஷயம் சொன்னார். "நீ நல்ல சப்போர்ட் பிளேயர்ப்பா. நீ இல்லேன்னா ராத்திரி ரெண்டு மணிக்கு சிஸ்டம் படுத்துக்கிட்டா யார் எழுப்புறது? ஆனா லீட் மெட்டீரியல் வேற."

நாலு வருஷமா புரொடக்‌ஷன் சப்போர்ட்ல குப்பை கொட்டுறவனுக்கு இதை விட நாசூக்கா ‘உனக்கு இவ்ளோதான்’னு சொல்ல முடியாது. தலையை ஆட்டிட்டு வந்துட்டேன்.

மாம்பலம் ஸ்டேஷன்ல இறங்கி, ஆரிய கவுடா ரோடு வழியா பொருமிக்கிட்டே நடந்து வீட்டுக்கு வந்தா, டிவியில ‘நடிகன்’ ஓடிக்கிட்டு இருக்கு. அப்பத்தா தரையில காலை நீட்டி உட்கார்ந்து, முழங்காலுக்குத் தைலம் தேய்ச்சுக்கிட்டே பாக்குது. சத்யராஜ் கிழவர் வேஷத்துல வர்றார். கல்யாணமே ஆகாத பேபியம்மாவா மனோரமா, அந்தக் கிழவரைப் பாத்து வெக்கப்படுறாங்க. அப்பத்தா சிரிக்குது. எத்தனாவது தடவையோ தெரியாது. பல் இல்லாத வாயைப் பொத்திக்கிட்டு அப்படி ஒரு சிரிப்பு.

நானும் பக்கத்துல உட்கார்ந்துட்டேன். கொஞ்ச நேரத்துல ஒண்ணு புரிஞ்சுது. அந்தப் படத்துல ஹீரோ சத்யராஜ், ஹீரோயின் குஷ்பு. ஆனா பேபியம்மா வர்ற சீன்ல மத்த யாரையும் கண்ணு தேடல. சிரிச்சுக்கிட்டே இருக்கும்போது, ஒரு இடத்துல இந்தம்மா ஏமாறப் போகுதேன்னு மனசுக்குள்ள லேசா வலிக்குது. சிரிக்கவும் வெச்சு, அந்த வலியையும் கூடவே வெக்கிறது சாதாரண வேலை இல்லை.

சப்போர்ட் ரோல்! டேமேஜர் வாழ்க.

*

அன்னிக்கு ராத்திரி தூக்கம் வரல. ஆச்சியோட படங்களை ஒவ்வொண்ணா நினைச்சுப் பாத்தேன். ஒரு சின்னக் கணக்கு போட்டேன். முதல் படம் 1958ல் கண்ணதாசன் தயாரிச்ச ‘மாலையிட்ட மங்கை’. மறைந்தது 2015 அக்டோபர் 10. நடுவுல 57 வருஷம். ஆயிரத்துக்கு மேல படங்கள், அதுக்காகவே கின்னஸ்ல பேர். அப்படின்னா 57 வருஷமும் விடாம, ஏறக்குறைய மூணு வாரத்துக்கு ஒரு படம். நடுவுல நாடகங்கள் தனி. நாங்க மூணு வாரத்துக்கு ஒரு ரிலீஸ் பண்ணவே மூக்கால அழுவோம்.

1937 மே 26ல் மன்னார்குடியில் பிறந்த கோபிசாந்தாதான் பின்னாளில் மனோரமா. அப்பா கைவிட்டதும் அம்மா கைக்குழந்தையைத் தூக்கிக்கிட்டு காரைக்குடி பக்கத்துல பள்ளத்தூருக்கு வந்து வீட்டு வேலை செஞ்சு வளர்த்தாங்க. அம்மாவுக்கு உடம்பு முடியாமப் போக, பொண்ணும் படிப்பை நிறுத்திட்டு வீட்டு வேலைக்குப் போயிருக்கு. அப்புறம் நாடகம். ‘பள்ளத்தூர் பாப்பா’ன்னு பேர் வாங்கி, வைரம் நாடக சபா, எஸ்.எஸ்.ராஜேந்திரன் நாடகக் குழுன்னு மேடை மேடையா ஏறி, அங்கேருந்து சினிமா.

முதல் படத்திலேயே காமெடி வேஷம். கதாநாயகியா நடிச்சா கொஞ்ச வருஷத்துல காணாமப் போயிடுவே, நகைச்சுவைன்னா காலத்துக்கும் நிப்பேன்னு கண்ணதாசன் தன்கிட்ட சொன்னதா ஆச்சியே பேட்டிகள்ல சொல்லியிருக்காங்க. 1963ல் மாடர்ன் தியேட்டர்ஸோட ‘கொஞ்சும் குமரி’யில் நாயகியாவும் நடிச்சுப் பாத்தாச்சு. ஆனா அந்தப் பாதையில தொங்கிக்கிட்டு நிக்கல. கவிஞர் சொன்னதுதான் பலிச்சது. ஆச்சியோட அறிமுகமான கதாநாயகிகள்ல எத்தனை பேர் பேரு நமக்கு ஞாபகம் இருக்கு? சொல்லுங்க பாப்போம்.

சும்மா ‘காமெடி நடிகை’ன்னு ஒரு டப்பாவுக்குள்ள அடைக்கிறது சரியில்லைன்னு அந்த ராத்திரியிலதான் தோணிச்சு. 1967, 1968 ரெண்டே ரெண்டு வருஷத்தை மட்டும் எடுத்துக்குங்க.

‘அனுபவி ராஜா அனுபவி’ (1967). நாகேஷோட ஜோடி. ‘முத்துக்குளிக்க வாரீகளா’ பாட்டை யாரும் மறந்திருக்க முடியாது. அதுல அந்த தூத்துக்குடிப் பேச்சு.

‘பொம்மலாட்டம்’ (1968). சோவோட ஜோடி. வி.குமார் இசையில ‘வா வாத்யாரே ஊட்டாண்டே’ன்னு சொந்தக் குரல்லயே பாடியிருப்பாங்க. பள்ளத்தூர்ல வளர்ந்த பொண்ணு பேசுற மெட்ராஸ் பாஷை! எனக்குத் தெரிஞ்சு, சென்னையிலயே பொறந்து வளர்ந்த எனக்கே அந்த ராகம் வராது.

அதே 1968ல் ‘தில்லானா மோகனாம்பாள்’. சிவாஜி, பத்மினி, பாலையா, நாகேஷ்னு ஆளாளுக்கு வெளுத்து வாங்குற படம். அதுக்கு நடுவுல நாடகக் கொட்டாயிலேருந்து ஜில் ஜில் ரமாமணி வந்து நிக்குது. வர்ற நேரம் ரொம்பக் கொஞ்சம். நாயனத்தைப் பத்தி அது வாயைப் பொளந்து கேக்குற அழகுல, எதிர்ல நிக்கிற சிவாஜியே ஒரு நிமிஷம் ரசிகனா மாறிட்ட மாதிரி இருக்கும். கள்ளமே இல்லாத ஒரு ஜீவன். கூத்துக்காரின்னு ஊர் இளக்காரமா பாக்குற பொம்பளைக்கு இவ்ளோ மரியாதை வாங்கிக் குடுத்த வேஷம் தமிழ்ல வேற எது?

தூத்துக்குடி, சென்னை, நாடகக் கொட்டாய். ரெண்டு வருஷத்துக்குள்ள மூணு ஊர், மூணு நாக்கு. பின்னாடி ‘சின்னக் கவுண்டர்’ல (1992) தூக்கின பல்லோட கொங்குச் சீமை அம்மா. ‘காசேதான் கடவுளடா’வில் (1972) பீரோ சாவியை விடாத பணக்காரி. ‘அபூர்வ சகோதரர்கள்’ல (1989) கமலை எடுத்து வளர்க்கிற முனியம்மா. ‘புதிய பாதை’க்காகத் (1989) துணை நடிகைக்கான தேசிய விருது. 2002ல் பத்மஸ்ரீ. ‘இம்சை அரசன் 23ஆம் புலிகேசி’யில் (2006) ராஜமாதா. 2009ல் தெலுங்கு ‘அருந்ததி’யில் அந்தப் பழைய வேலைக்காரக் கிழவி. பட்டியல் போட்டா பதிவு முடியாது.

அண்ணா, கலைஞரோட மேடையில, எம்ஜிஆர், என்டிஆர், ஜெயலலிதாவோட திரையில. ஆக அஞ்சு முதல்வர்களோட நடிச்சவங்க. ஹீரோக்கள் முதல்வர் ஆனாங்க. இவங்க அடுத்த படத்துக்குப் போனாங்க.

எல்லாம் சரியாவே செஞ்சாங்கன்னும் சொல்ல மாட்டேன். 1996 தேர்தல் பிரசாரத்துல ரஜினியை மேடையில போட்டுத் தாக்கினதை அவரோட ரசிகர்கள் ரொம்ப நாள் மறக்கல. வாய்ப்பும் குறைஞ்சுது. அப்புறம் ரஜினியே கூப்பிட்டுத் தன் படத்துல சேர்த்துக்கிட்டார். பெரிய மனசு அவருக்கு. போய் நடிச்சதுக்கு இவங்களுக்கும் ஒரு மனசு வேணும்ல?

*

இப்போ கொசுவத்தியைக் கொஞ்சம் சுத்தணும். இந்தப் பதிவை எழுத உட்கார்ந்ததே இதுக்காகத்தான்.

எங்க அப்பத்தாவுக்கும் காரைக்குடிப் பக்கம்தான். கோட்டையூர் தாண்டி ஒரு சின்ன ஊர். கல்யாணத்துக்கு முன்னாடியே செட்டியார் வீடுகள்ல பத்துப்பாத்திரம் தேய்ச்ச கை. தாத்தா சீக்கிரமே போய்ச் சேர, 78ல ரெண்டு பிள்ளைகளைக் கூட்டிக்கிட்டு மெட்ராஸ் வந்துச்சு. மேற்கு மாம்பலத்துல ஒண்டுக் குடித்தனம். தி.நகர்ல நாலு வீட்டு வேலை. தினம் விடிகாலையில ரயில்வே மேம்பாலம் ஏறி இறங்கி, ரங்கநாதன் தெருவுல கடைங்க திறக்கும் முன்னாடி அந்தப் பக்கம் போய், மதியம் திரும்பி வரும். முப்பத்தஞ்சு வருஷம். அப்பா ஒரு துணிக்கடையில சேல்ஸ்மேன். என் ஸ்கூல் ஃபீஸ்ல பாதி அப்பத்தாவோட சுருக்குப்பையிலேருந்துதான் வந்துச்சு.

மனோரமா வீடு தி.நகர் நீலகண்ட மேத்தா தெருவுல. அப்பத்தா வேலை பாத்த வீடுகள்ல ஒண்ணு அதுக்குக் கொஞ்சம் பக்கத்துலதான். காருக்குள்ள ரெண்டு மூணு தடவை பாத்திருக்காம். ஒரு தடவை சிரிச்சாங்களாம். "எங்கூருப் பொண்ணுல்ல!"ன்னு அதைச் சொல்லும்போது அப்பத்தா முகம் பாக்கணுமே.

அப்பத்தா ‘மனோரமா’ன்னு சொல்லி நான் கேட்டதே இல்லை. ஆச்சிதான். செட்டிநாட்டுப் பக்கம் ஆச்சின்னா வீட்டம்மா. வேலைக்காரங்க அவங்களைக் கூப்பிடுற மரியாதை. சின்ன வயசுல அந்த மாதிரி வீடுகள்ல வேலை பாத்த பொண்ணை, பின்னாடி தமிழ்நாடே ஆச்சின்னு கூப்பிட்டுது. இதோட அருமை நமக்கெல்லாம் பாதிதான் புரியும். அப்பத்தாவுக்கு முழுசாப் புரிஞ்சுது.

அப்பத்தாவோட ஆல் டைம் ஃபேவரைட் ‘சம்சாரம் அது மின்சாரம்’ (1986). விசு வீட்டு வேலைக்காரி கண்ணம்மா. வீடே ரெண்டா உடைஞ்சு கெடக்கும்போது, சம்பந்தி வீட்டுல போய் கிஷ்மு முன்னாடி நின்னு பொரிஞ்சு தள்ளுற அந்த ‘கம்முனு கெட’ காட்சி. தியேட்டர்ல அந்த சீனுக்கு எழுந்து நின்னு கைதட்டுச்சாம் அப்பத்தா. படிச்சவங்க, சம்பாதிக்கிறவங்க எல்லாரும் முழிக்கிறாங்க. பாத்திரம் தேய்க்கிறவ போய் பேசுறா. எனக்கு அது காமெடி சீன். அப்பத்தாவுக்கு அது வேற.

2015 அக்டோபர் 11, ஞாயித்துக்கிழமை. முந்தின நாள் ராத்திரியே ஆச்சி போயிட்டாங்க. காலையில எல்லா சேனல்லயும் அதேதான். நான் அப்போ பிளஸ் டூ. அப்பத்தா குளிச்சு, நல்ல புடவையா ஒண்ணு கட்டிக்கிட்டு வந்து நின்னுச்சு.

"அய்யா, என்னைய ஒரு எட்டு கூட்டிட்டுப் போறியா? ஆச்சி மொகத்தப் பாத்துட்டு வந்துருவோம். கூட்டமா இருக்கும், எனக்குத் தனியா பயமா இருக்கு."

"எனக்கு டெஸ்ட் இருக்கு அப்பத்தா"ன்னேன்.

டெஸ்ட் இருந்தது உண்மை. அது சாயங்காலம்.

நெசமான காரணம் வேற. டியூஷன்ல என்கூட உட்காருற நண்பனோட வீடு அந்தப் பக்கம்தான். அப்பத்தா ரெண்டு வருஷம் முன்னாடி வரைக்கும் வேலை பாத்த வீடே அவன் வீடுதான். அவனுக்கு அது தெரியாது. அவன்கிட்ட நான் அப்பத்தா ஊர்ல இருக்குன்னு சொல்லி வெச்சிருந்தேன். ஊர்ல நெலம் இருக்கு, மாடு இருக்குன்னு கூட கொஞ்சம் சேர்த்துச் சொல்லியிருந்தேன். அன்னிக்கு அந்தத் தெருவுல அப்பத்தா கையைப் பிடிச்சுக்கிட்டு நடந்தா, அவனோ அவங்க அம்மாவோ பாத்துட்டா? அந்தப் பதினேழு வயசுல அதை விடப் பெரிய ஆபத்து உலகத்துல எதுவும் தெரியல.

அப்பத்தா ஒண்ணும் சொல்லல. தனியாப் போச்சு. மத்தியானம் மூணு மணிக்கு வேர்த்து விறுவிறுத்து வந்துச்சு. "பாத்தியா?"ன்னு அம்மா கேட்டதுக்கு, "பாத்தேன். தூங்குற மாதிரி இருந்தாக"ன்னுச்சு. தண்ணி குடிச்சுட்டுப் படுத்துடுச்சு.

அதோட முடிஞ்சுதுன்னுதான் நானும் நினைச்சுக்கிட்டிருந்தேன். அப்புறம் கவுன்சிலிங், காலேஜ், வேலைன்னு ஓடியாச்சு.

*

இப்போ ‘நடிகன்’ ஓடின ராத்திரிக்கு வர்றேன். விளம்பர இடைவேளையில சும்மா பேச்சுவாக்குல கேட்டேன். "அப்பத்தா, ஆச்சியப் பாக்க அன்னிக்குத் தனியாத்தான போன? கூட்டத்துல கஷ்டப்பட்டியா?"

"கூட்டந்தான். ஆனா அந்த மூணாவது மாடி அம்மாவும் வந்திருந்தாக. அவுகதான் கையப் புடிச்சு வரிசையில நிப்பாட்டுனாக."

நண்பனோட அம்மா.

எனக்குத் திக்குன்னு ஆயிடுச்சு. "என்ன பேசுனீங்க?"

"என்னத்தப் பேச. ‘பேரன் என்ன படிக்கிறான், கூட்டிட்டு வரலையா?’ன்னு கேட்டாக. பேரன் ஊருல படிக்கிறான், இங்கன இல்லைன்னு சொல்லிட்டேன்."

"ஏன் அப்படிச் சொன்ன?"

அப்பத்தா டிவியை விட்டுக் கண்ணை எடுக்கல. தைல பாட்டிலை மூடிக்கிட்டே சொல்லுச்சு. "அதுக்கு முந்தின மாசம் பாண்டி பஜார்ல உங்கூடப் படிக்கிற புள்ளைகளோட நீ வந்தேல்ல. நான் காய்ப்பையோட எதிர்ல வந்தேன். நீ அந்தப் பக்கமாத் திரும்பிக்கிட்ட. சரி, புள்ளைக்குக் கூச்சமா இருக்குன்னு நெனச்சேன். அப்புறம் நான் போயி உன்னையக் காட்டிக் குடுக்கவா?"

விளம்பரம் முடிஞ்சு படம் வந்துடுச்சு. அப்பத்தா மறுபடி சிரிக்க ஆரம்பிச்சுடுச்சு. எனக்குத்தான் எந்திரிச்சுப் போகவும் முடியல, உட்காரவும் முடியல.

பத்து வருஷமா அந்தம்மாவுக்கு அது தெரியும். ஒரு நாள் கூட முகத்துல காட்டல. என்கிட்டயும் காட்டல, அந்த மூணாவது மாடி அம்மாகிட்டயும் காட்டல. ஆச்சியோட உடம்பு வெச்சிருக்கிற தெருவுல வரிசையில நின்னுக்கிட்டு, எனக்காக ஒரு வேஷம் கட்டியிருக்கு. நான் எழுதின கேவலமான ஒரு கதைக்கு, சொல்லிக் குடுக்காமலே வசனம் பேசியிருக்கு.

ஆஃபீஸ்ல ஒருத்தர் என்னை ‘சப்போர்ட்’னு சொன்னதுக்கு அன்னிக்கு முழுக்கப் பொருமிக்கிட்டு வந்தவன் நான்.

*

போன ஞாயித்துக்கிழமை அப்பத்தாவைக் கூட்டிக்கிட்டு தி.நகர் போனேன். மொதல்ல வர மாட்டேன்னுச்சு. முழங்கால் வலி. இப்போ மாம்பலம் ஸ்டேஷன்லேருந்து தி.நகர் பஸ் ஸ்டாண்டுக்கு ஆகாய நடைபாதை இருக்கே, 2023ல திறந்தது, லிஃப்ட் எல்லாம் இருக்கு, படி ஏற வேண்டாம்னு சொல்லிக் கூட்டிட்டுப் போனேன். மேலே நின்னு கீழே ரங்கநாதன் தெருக் கூட்டத்தைப் பாத்துட்டு, "இது அப்பவே இருந்திருந்தா என் காலு ரெண்டும் நல்லா இருந்திருக்கும்"னுச்சு. கோவமாச் சொல்லல. சும்மாச் சொல்லுச்சு.

அங்கேருந்து ஆட்டோ. நீலகண்ட மேத்தா தெருவுல இறங்கினோம். ஞாயித்துக்கிழமை மத்தியானம், தெரு அமைதியா இருந்துச்சு. கைய இறுக்கிப் பிடிச்சுக்கிட்டுதான் நடந்தேன். அப்பத்தா, அன்னிக்கு எங்க வரிசை நின்னுச்சு, எங்க போலீஸ் கயிறு கட்டியிருந்துச்சு, எங்க தண்ணி பாக்கெட் குடுத்தாங்கன்னு ஒவ்வொண்ணா காட்டிக்கிட்டே வந்துச்சு. அப்புறம் அந்த மூணாவது மாடி வீடு இருக்கிற பக்கம் கைய நீட்டி, "நம்ம வீடு அங்கனதான்"னுச்சு. ‘நம்ம வீடு’. பன்னெண்டு வருஷம் தரை துடைச்ச வீடாம்.

மன்னிச்சுக்கன்னு சொல்லணும்னுதான் கூட்டிட்டுப் போனேன். வழி முழுக்க வாய்க்குள்ள வார்த்தையை உருட்டிக்கிட்டே வந்தேன். கடைசியா ஆரம்பிச்சேன். "அப்பத்தா, அன்னிக்கு டெஸ்ட் சாயங்காலம்தான்..."

"தெரியும்யா. மணி பாக்கத் தெரியாதா எனக்கு? பன்னீர் சோடா வாங்கிக் குடு."

வாங்கிக் குடுத்தேன்.

அந்த நண்பன் இப்போ பெங்களூர்ல இருக்கான். இந்தப் பக்கத்தைப் படிக்கிற பத்துப் பதினஞ்சு பேர்ல அவனும் ஒருத்தன். டேய், உங்க வீட்டுல பன்னெண்டு வருஷம் வேலை பாத்து, உனக்கு ஜுரம் வந்தப்ப ரசம் வெச்சுக் குடுத்துச்சே, அது என் அப்பத்தா. ஊர்ல நெலமும் இல்லை, மாடும் இல்லை. உங்கம்மாகிட்டயும் சொல்லு. அடுத்த தடவை ஊருக்கு வரும்போது வீட்டுக்கு வா. அப்பத்தா உன்னைக் கேட்டுக்கிட்டே இருக்கு.

டிஸ்கி: பதிவு எழுதி முடிச்சு அப்பத்தாவுக்குப் படிச்சுக் காட்டினேன். எல்லாம் கேட்டுட்டு, "ஆச்சியப் பத்தி எழுதுறேன்னுட்டு என்னையப் பத்தி எழுதி வெச்சிருக்க. ‘சின்னத் தம்பி’ய விட்டுட்டியே"ன்னுச்சு. ஆமாம் மக்களே, ‘சின்னத் தம்பி’ (1991) விட்டுப் போச்சு. பிரபுவோட அம்மாவா ஆச்சி. அந்தப் படத்தைப் பாத்து அப்பத்தா அழுத அழுகைக்குத் தனிப் பதிவே போடணும். உங்களுக்குப் பிடிச்ச ஆச்சி வேஷம் எதுன்னு பின்னூட்டத்துல சொல்லுங்க. ஒவ்வொண்ணா அப்பத்தாகிட்ட படிச்சுக் காட்டுறதா வாக்குக் குடுத்திருக்கேன்.